மேட்டூர் நீர்மட்டக் கட்டத்தைத் திரும்பப் போடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற ஞாயிற்றுக்கிழமை தலையங்கத்தில், "தொழில்நுட்பம் களத்து மேட்டுக்கே வந்துவிட்டது, டெல்டா விவசாயிதான் இன்னும் மாறத் தயங்குகிறார்" என்று எழுதியிருந்தீர்கள். டீக்கடையில் படித்தேன். பக்கத்திலிருந்தவரிடம் நீட்டினேன். படித்துவிட்டு, "யாரைச் சொல்றாங்க?" என்று கேட்டார். எனக்கும் அதே சந்தேகம்தான். நாலு நாள் பொறுத்துப் பார்த்தேன், ஆறவில்லை. 38 வருஷமாகக் காசு கொடுத்து உங்கள் பத்திரிகையை வாங்குகிறவன், ஒரு கடிதம் எழுதலாம் அல்லவா?

மாறத் தயங்குகிறோமாம். உங்களுக்குத் தெரியாததில்லை, இருந்தாலும் சொல்கிறேன். மேட்டூர் அணை 1934இல் வந்தது. அதற்கு முன்பு குடகில் மழை விழுந்தால் இங்கே தண்ணீர். அணை வந்த பிறகு தண்ணீர் திறக்க ஜூன் 12 என்று ஒரு தேதி வந்தது. நாற்றங்கால், நகைக்கடன், பெண்ணுக்குக் கல்யாணம் எல்லாவற்றையும் அந்தத் தேதிக்குத் தோதாக மாற்றிக்கொண்டோம். ஆடிப்பெருக்கே மாறிவிட்டது. ஆறு தானாகப் பெருகும் நாளாக இருந்தது, இப்போது ஆடி 18க்குத் தண்ணீர் திறந்துவிடச் சொல்லி மனு கொடுக்கிறோம். ஆறு காய்ந்த வருஷங்களில் படித்துறையில் குழாய் போட்டு, போர்வெல் தண்ணீரில் குளித்துக் காப்பரிசி படைத்தோம். நீங்களே படம் போட்டீர்கள்.

1966இல் ஆடுதுறை 27 வந்தது. 105 நாள் நெல். குறுவை, தாளடி என்று இரண்டு போகமும் நன்றாக எடுக்கலாம் என்று எங்கள் அப்பாக்கள் பழைய விதையையெல்லாம் விட்டுவிட்டு அதை நட்டார்கள். மகசூல் கூடியது. கூடின நெல்லில் அரைப்படி எங்களுக்கும் கூடுதலாகக் கொடுங்கள் என்று அறுத்தவர்கள் கேட்டார்கள். 1968 டிசம்பர் 25 ராத்திரி கீழ்வெண்மணியில் கூலி கேட்டவர்களின் குடும்பத்தார் 44 பேரைப் பண்ணையார்களின் ஆட்கள் குடிசைக்குள் வைத்து எரித்தார்கள். விதைக்கும் இதற்கும் என்ன சம்பந்தம் என்று தலையங்கம் எழுதுகிறவர்கள் கேட்கலாம். எங்கள் பக்கத்து வயதானவர்கள் கேட்க மாட்டார்கள்.

சரி, பழைய கதை போதும். பெல்ட் வண்டிக்கு வருகிறேன். முதல் வருஷம் அறுவடை வண்டி வந்தபோது எங்கள் வயலில் திரும்ப இடமில்லாமல் முழித்துக்கொண்டு நின்றது. மறு வருஷம் நாங்களே வரப்புகளை வெட்டி, அஞ்சு மா நிலத்தையும் ஒரே வயலாக்கினோம். வண்டி ஓட்டுகிறவர்கள் ஆத்தூர் பக்கத்திலிருந்து வருவார்கள். அவர்களுக்குத் தோதான நாள்தான் எங்களுக்கு அறுவடை நாள். கதிர் முற்றியதா இல்லையா என்பதெல்லாம் அப்புறம். வண்டி கசக்கித் துப்பிய வைக்கோலை மாடு மோந்து பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டது. இரண்டாவது வருஷம் அதுவும் தின்னப் பழகிவிட்டது. மாடுகூட மாறிவிட்டது, ஐயா.

ஆள் வைத்து அறுத்த காலத்தில் அரியை வயலிலேயே காயப் போட்டு, கட்டுக் கட்டி, களத்துக்குத் தூக்கி வந்து அடித்துத் தூற்றுவதற்குள் நெல் தானாகக் காய்ந்துவிடும். வண்டி ஒரு மணி நேரத்தில் பச்சை நெல்லாகக் கொட்டிவிட்டுப் போகிறது. அரசு கொள்முதல் நிலையத்தில் ஈரப்பதம் 17 சதவீதத்துக்கு மேல் போகக் கூடாது. மழை அடித்த வருஷங்களில் தில்லியிலிருந்து ஒரு குழு வந்து நெல்லைக் கையில் அள்ளிப் பார்த்து 19, 20 என்று தளர்த்திவிட்டுப் போகும். மற்ற வருஷங்களில் நாங்கள்தான் காய வைக்க வேண்டும். எங்கே காய வைப்பது? களம் இருந்த இடத்தில் இப்போது வேறென்னவோ இருக்கிறது. அதனால் தார் ரோட்டில் கொட்டுகிறோம். "சாலையை ஆக்கிரமிக்கும் விவசாயிகள்" என்று இரண்டு வருஷத்துக்கு முன்பு வண்ணப் படத்தோடு போட்டீர்களே, அந்த நெல்தான். படத்தில் ஓரமாகக் காலால் நெல்லைத் துழாவிக்கொண்டு நிற்பது என் மனைவி.

இந்தத் தை மாதம் நடந்ததையும் கேளுங்கள். காலை எட்டு மணிக்குக் கொள்முதல் நிலையத்தில் என் நெல்லை ஈரப்பத மெஷினில் போட்டார்கள். 18.1 என்று காட்டியது. ஒரு நெல்லை எடுத்துப் பல்லில் வைத்துக் கடித்தேன், டக்கென்று உடைந்தது. அந்தக் காலத்து நெல் வியாபாரியாக இருந்தால் மூட்டையைத் தூக்கு என்றிருப்பார். பட்டியல் எழுத்தர் சிரித்தார். தார்ப்பாயை விரித்து வெயிலில் கிளறிவிட்டு மதியம் கொண்டுபோனேன். 16.7. ஆனால் எனக்கு முன்னால் நின்றவர் நெல்லுக்கு அதே மெஷின் காலையிலேயே மனம் இரங்கிவிட்டது. அவர் சிப்பத்துக்கு, அதாவது மூட்டைக்கு, இவ்வளவு என்று முதல் நாளே கொடுத்துவிட்டாராம். மெஷின் எங்களை மாற்றியதோ இல்லையோ, மெஷினை எங்கள் ஊர் வழக்கத்துக்கு நன்றாகவே மாற்றிவிட்டோம்.

அதற்கு முன்பாக ஆன்லைன் பதிவு என்று ஒன்று இருக்கிறது. சிட்டா, அடங்கல், ஆதார், வங்கிப் புத்தகம் எல்லாவற்றையும் பையில் போட்டுக்கொண்டு இ-சேவை மையத்துக்குப் போனேன். நான் பண்ணுவது குத்தகை நிலம். சர்வே எண்ணைப் போட்டதும் பெயர்க் கட்டத்தில் பட்டாதாரர் பெயர் தானாக வந்து உட்கார்ந்துவிட்டது. அந்தப் பெண் என்னைப் பார்த்து, "தாத்தா, நிலம் உங்க பேர்ல இல்லையே?" என்றது. "உழுறது நான்தாம்மா" என்றேன். "அதுக்கு இதுல கட்டம் இல்ல தாத்தா." அது மேல் தப்பில்லை. தேடித் தேடித்தான் பார்த்தது.

நிலத்துக்காரர் சென்னையில் இருக்கிறார். ஓடிபி அவர் போனுக்குத்தான் போகும். "தம்பி, ஒரு நம்பர் வந்திருக்கும் பாருங்க" என்று கூப்பிட்டேன். அவர் ஆபீசில் மீட்டிங். நம்பரை அவர் பார்த்துச் சொல்வதற்குள் நேரம் முடிந்துவிட்டது. இப்படி மூன்று தடவை. எனக்குப் பின்னால் வரிசையில் நின்றவர்கள் முணுமுணுக்க ஆரம்பித்தார்கள். நாலாவது தடவை மீட்டிங்கிலிருந்து வெளியே வந்து நின்று சொன்னார். நல்ல மனிதர். நெல் விற்ற பணமும் அவர் கணக்குக்குத்தான் போனது. பதினோராம் நாள் எனக்கு அனுப்பிவிட்டார். அந்தப் பதினொரு நாளும் வண்டி வாடகைக்காரருக்கு நான் என்ன பதில் சொன்னேன் என்பது உங்கள் தலையங்கத்தில் வராது.

ஒரு பேப்பர் எழுதி வாங்கிக்கொள்ளக் கூடாதா என்பீர்கள். 1955இல் சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம் வந்தது. 1969இல் குத்தகை உரிமையைப் பதிவேட்டில் ஏற்றச் சட்டம் வந்தது. என் அப்பா பெயர் அப்போது ஏறியது, அந்த நிலம் இப்போது அண்ணன் பாகத்தில் இருக்கிறது. ஆனால் அதே சட்டத்தைக் காட்டித்தான் நிலத்துக்காரர்கள் பயப்படுகிறார்கள். எழுதிக் கொடுத்தால் நிலம் கையைவிட்டுப் போய்விடுமாம். 19 வருஷத்துக்கு முன்பு நான் இந்த நிலத்தை எடுத்தபோது, "எழுத்தெல்லாம் எதுக்கு, நம்மளுக்குள்ள வார்த்தை போதாதா" என்றார் இவருடைய அப்பா. அன்றைக்குப் போதும் போலத்தான் இருந்தது. வாய் வார்த்தையில் உழுகிறவர்கள் எங்கள் வட்டாரத்தில் எத்தனை பேர் என்று கணினிக்கு நிரல் எழுதியவர்கள் ஒரு டீக்கடையில் வந்து கேட்டிருந்தால் போதும். வருஷத்துக்கு 6,000 ரூபாய் என்று மத்திய அரசு கொடுக்கும் கிசான் பணமும் பட்டாவைப் பார்த்துத்தான் போகிறது. அதையும் தொழில்நுட்பம் என்றுதான் எழுதினீர்கள்.

உங்களிடம் பட்டாச் சட்டத்தைத் திருத்தச் சொல்லி நான் கேட்கவில்லை. படிவத்தில் 'சாகுபடி செய்பவர்' என்று ஒரு கட்டம் போடச் சொல்லி எழுதினால் நல்லதுதான், எழுதுவீர்கள் என்று எதிர்பார்க்கவில்லை. நான் கேட்பது உங்கள் கையில் இருக்கிற விஷயம். போன வருஷம் வரை இரண்டாம் பக்கத்தின் மூலையில் மேட்டூர் நீர்மட்டம் என்று ஒரு சின்னக் கட்டம் போடுவீர்கள். மட்டம், வரத்து, திறப்பு என்று மூன்று எண்கள். மேட்டூரில் திறந்தால் கல்லணைக்கு மூன்று நாள், அங்கிருந்து எங்கள் கடைமடைக்கு எத்தனை நாள் என்று டீக்கடையில் அதை வைத்துத்தான் கணக்குப் போடுவோம். இப்போது அந்த இடத்தில் ஒரு க்யூஆர் கோடு இருக்கிறது. அதற்குக் கீழே ஒரு நகைக்கடை விளம்பரம். என் போனில் பட்டன்தான் இருக்கிறது, கேமரா இல்லை. டீக்கடைக்காரர் மகன் விடுமுறைக்கு வரும்போது மட்டும் எங்களுக்கு அணையில் எவ்வளவு தண்ணீர் என்று தெரிகிறது.

அந்தக் கட்டத்தை மறுபடியும் அச்சில் போடுங்கள். நகைக்கடைக்காரர் கோபித்துக்கொள்ளாத அளவுக்குச் சின்னதாக இருந்தாலும் போதும்.

கடிதத்தைப் பிரசுரித்தால் என் பெயரைப் போட வேண்டாம். நிலத்துக்காரர் வீட்டிலும் உங்கள் பத்திரிகைதான் வாங்குகிறார்கள்.

இப்படிக்கு,
வாசகர்,
நீடாமங்கலம் வட்டம், திருவாரூர் மாவட்டம்