முட்டையில் போவது லெவல் அல்ல

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஞாயிறு இணைப்பில் வந்த போகிமான் பிரீடிங் கட்டுரையை, அதாவது அந்த வீடியோ கேமில் இரண்டு போகிமான்களை ஜோடி சேர்த்து முட்டை எடுப்பது பற்றிய கட்டுரையைப் படித்தேன். விளையாட்டைத் தொட்டே பார்க்காதவருக்கும் புரிகிற நடை. ஆனால் அதில் இரண்டு வரிகள் புதிதாக விளையாட வருபவர்களை வீண் அலைச்சலில் தள்ளிவிடும். தாயையும் தந்தையையும் லெவல் 100 வரை வளர்த்துவிட்டு ஜோடி சேர்த்தால் குட்டியும் பலசாலியாகப் பிறக்கும் என்பது ஒன்று. மற்றதெல்லாம் அதிர்ஷ்டம் என்பது மற்றொன்று.

முதலாவது முழுத் தவறு. இன்றைய ஆட்டங்களில் எந்தக் குட்டியும் லெவல் 1-இல்தான் பொரியும். பெற்றோரின் லெவலோ, பயிற்சியில் சேர்த்த புள்ளிகளோ முட்டைக்குள் போவதில்லை. போவது ஐவி எனப்படும் பிறவி எண்கள். உயிர், தாக்குதல், தற்காப்பு, சிறப்புத் தாக்குதல், சிறப்புத் தற்காப்பு, வேகம் என ஆறுக்கும் தனித்தனியாக 0 முதல் 31 வரை ஓர் எண் உண்டு. லெவல் 100-இல் ஓர் ஐவிக்கு ஒரு புள்ளி என்பது கணக்கு. நேற்றுப் பிடித்த லெவல் 5 போகிமானிடம் ஐந்து 31 இருந்தால், அரைகுறை ஐவியோடு லெவல் 100-இல் நிற்கும் கிழட்டுச் சிங்கத்தைவிட அதுவே நல்ல பெற்றோர்.

அதிர்ஷ்டம் என்ற பேச்சுக்கு வருகிறேன். பெற்றோர் கையில் எதுவும் கொடுக்காமல் விட்டால் ஆறில் மூன்று எண்களே அவர்களிடமிருந்து வரும். மீதி மூன்றையும் ஆட்டம் தன்போக்கில் போடும். தாய், தந்தை இருவருக்கும் தேவையான அதே ஐந்து இடங்களிலும் 31 இருக்கிறது என்றே வைத்துக்கொள்வோம். அப்போதும் அந்த ஐந்தும் குட்டிக்கு அப்படியே அமைய ஏறக்குறைய 2000-இல் ஒரு வாய்ப்புதான். பெற்றோரில் ஒருவர் கையில் டெஸ்டினி நாட் என்ற சிவப்புக் கயிற்றைக் கொடுத்தால் மூன்றுக்குப் பதில் ஐந்து எண்கள் இறங்கும். தன்போக்கில் விழும் அந்த ஒரே இடம், நமக்குத் தேவையில்லாத ஆறாவது இடமாக அமைய 6-இல் ஒரு வாய்ப்பு. தேவையான இடத்திலேயே விழுந்தாலும் 32-இல் ஒருமுறை 31 வந்துவிடும். இரண்டையும் சேர்த்தால் 19 சதவீதம், அதாவது ஐந்து முட்டைக்கு ஒன்று. 2000 எங்கே, 5 எங்கே! இந்தக் கயிறு 2013-இல் வந்த எக்ஸ், ஒய் ஆட்டங்களிலிருந்துதான் பிரீடிங்கில் இந்த வேலையைச் செய்கிறது. அதற்கு முன் ஆடியவர்கள் சொல்லும் அதிர்ஷ்டக் கதைகளில் உண்மை உண்டு. கட்டுரையாளர் அந்தக் காலத்துத் தகவலை எடுத்துவிட்டார் போலும்.

கயிற்றை இருவருக்கும் கொடுப்பதில் பலனில்லை, பத்து எண்கள் இறங்கிவிடாது. மற்றவர் கையில் எவர்ஸ்டோன் என்ற கல் இருக்கவேண்டும். வைத்திருப்பவரின் நேச்சர், அதாவது ஓர் ஆற்றலை 10 சதவீதம் கூட்டி இன்னொன்றை 10 சதவீதம் குறைக்கும் சுபாவம், குட்டிக்கு அப்படியே போகும். நேச்சர்கள் மொத்தம் 25. கல்லை மறந்துவிட்டால் மேலே சொன்ன ஐந்தில் ஒன்று 130-இல் ஒன்றாகச் சரியும். பெரும்பாலானோர் சறுக்குவது இந்த இடத்தில்தான்.

தொடக்கத்தில் கையில் ஒரே ஒரு நல்ல போகிமான்தான் இருக்கும். ஆறும் 31 உள்ள டிட்டோ, அதாவது ஏறக்குறைய எந்த இனத்தோடும் ஜோடி சேரும் போகிமான், என்று வைத்துக்கொள்ளுங்கள். மறுபக்கம் எதுவும் தேறாத, சார்மாண்டர் இனத்துப் பெண் ஒன்று. இந்த ஜோடியையே விடாமல் பிடித்துக்கொண்டு, வேண்டிய ஐந்தும் உள்ள குட்டிக்காகக் காத்திருந்தால் 150 முட்டைக்கு ஒன்று தேறுவதே பெரிது. முதல் பத்து முட்டையில் இரண்டோ மூன்றோ 31 உள்ள குட்டி வந்ததும் பழைய சார்மாண்டரை எடுத்துவிட்டு அந்தக் குட்டியை வைக்கவேண்டும். அடுத்து நாலு உள்ளது வந்தால் மறுபடி மாற்ற வேண்டும். தாய்மேல் பாசம் வைத்தால் வேலை நடக்காது. பிறகு ஐந்து 31 உள்ள ஓர் ஆணும் பெண்ணும் சேர்ந்துவிட்டால் டிட்டோவுக்கே ஓய்வு கொடுக்கலாம். ஒரே ஒரு எண் மட்டும் பிடிகொடுக்காமல் நழுவினால் பவர் ஆங்க்லெட், பவர் லென்ஸ் போன்ற ஆறு பொருள்களில் பொருத்தமானதை எவர்ஸ்டோனுக்குப் பதில் கொடுத்துப் பார்க்கலாம். வைத்திருப்பவரின் அந்த ஓர் எண் உறுதியாக இறங்கும். ஆனால் கயிறு இறக்கும் ஐந்தில் ஓர் இடத்தை அது எடுத்துக்கொள்ளும் என்பதை நினைவில் வைக்கவேண்டும்.

எல்லாவற்றிலும் 31 வேண்டும் என்பதும் ஒரு மூடநம்பிக்கைதான். சிறப்புத் தாக்குதலை நம்பிய போகிமானுக்குச் சாதாரணத் தாக்குதல் 0 ஆக இருப்பதே நல்லது; குழப்பத்தில் தன்னையே அடித்துக்கொண்டாலும் அடி குறையும். மெதுவானது முதலில் தாக்கும்படி வரிசையை மாற்றும் ட்ரிக் ரூம் உத்தியை நம்பிய அணிக்கு வேகம் 0 வேண்டும்.

கட்டுரையில் இல்லாத, ஆனால் இருந்திருக்க வேண்டிய எச்சரிக்கைகள் இரண்டு. பாட்டில் கேப் என்ற பொருளைக் கொடுத்து ஹைப்பர் ட்ரெயினிங் என்ற பயிற்சி செய்தால் திரையில் எண்கள் உச்சத்துக்குப் போகும். மின்ட் என்ற பொருளைக் கொடுத்தால் நேச்சரின் பலன் மாறும். இரண்டுமே மேல்பூச்சு. முட்டைக்குப் போவது பூச்சுக்கு அடியில் இருக்கும் பழைய ஐவியும் பழைய நேச்சரும்தான். வாங்கிய டிட்டோ பளபளவென்று தெரிந்தாலும், ஐவியைக் காட்டும் நீதிபதித் திரையில் ஹைப்பர் ட்ரெயின்ட் என்ற குறிப்பு இருக்கிறதா என்று பார்த்துவிட்டே பெற்றோராக வைக்கவேண்டும்.

யாரோடு யார் சேரும் என்பதற்கு எக் குரூப் எனப்படும் இனப்பிரிவுதான் ஆதாரம், மொத்தம் 15. எந்த இனம் பிறக்கும் என்பது தாயைப் பொறுத்தது. டிட்டோவோடு சேர்ந்தால் டிட்டோ அல்லாதவரைப் பொறுத்தது. லெஜண்டரி எனப்படும் அரிய போகிமான்களும், பிச்சு போன்ற ‘பேபி’ இனங்களும் சேராது. நிடோரான் பெண் முட்டையிடும். அது வளர்ந்து நிடோரினா ஆனதும் இடாது. இந்த வேடிக்கை தெரியாமல் பரிணாமம் அடையச் செய்துவிட்டுத் தலையில் கைவைத்தவர்கள் பலர். மறைந்த எபிலிட்டி, அதாவது எளிதில் கிடைக்காத தனித்திறன், 60 சதவீத வாய்ப்பில் தாய்வழியாகப் போகும். தந்தைவழி வேண்டுமானால் டிட்டோவோடுதான் சேர்க்கவேண்டும். தொடக்கத்தில் நாம் தேர்ந்தெடுக்கும் போகிமான்களில் எட்டில் ஒன்றே பெண்ணாகப் பொரியும் என்பதால், மறைந்த எபிலிட்டியுள்ள பெண் குட்டி வந்தால் ஐவி மோசமாக இருந்தாலும் விட்டுவிடக் கூடாது.

நிறம் மாறிப் பிறக்கும் அரிய போகிமானான ஷைனி பற்றி ஒரு வரி. சாதாரண வாய்ப்பு 4096-இல் ஒன்று. வேறு மொழி ஆட்டத்திலிருந்து வந்த ஒருவர் ஜோடியில் இருந்தால் அது 683-இல் ஒன்றாகும். ஷைனி சார்ம் என்ற பொருளும் நம்மிடம் இருந்தால் 512-இல் ஒன்று. இப்படி வேறு மொழி ஜோடி சேர்ப்பதை மசூடா முறை என்பார்கள். முட்டை கைக்கு வந்த பிறகு சேமித்துவிட்டுத் திரும்பத் திரும்பப் பொரித்துப் பார்ப்பது பயனற்றது. உள்ளே இருப்பது முன்பே முடிவாகிவிட்டது.

பொரிக்க நடக்கவேண்டிய தூரமும் இனத்துக்கு இனம் மாறும். மேஜிகார்ப் முட்டைக்குச் சுமார் 1280 காலடி, சார்மாண்டருக்கு 5120, டிராட்டினிக்கு 10240. ஃப்ளேம் பாடி என்ற எபிலிட்டி உள்ள ஒன்றைக் கூட வைத்துக்கொண்டால் பாதியாகக் குறையும். இரண்டை வைத்தால் கால்வாசி ஆகாது. 2022-இல் வந்த ஸ்கார்லெட், வயலட்டில் பிக்னிக் போட்டுத்தான் முட்டை எடுக்கவேண்டும். அப்போது அணியில் ஜோடி இரண்டு மட்டும் இருக்கட்டும்; பொருந்தும் மூன்றாவது ஒன்று இருந்தால் அதுவும் ஜோடி சேர்ந்து கூடையில் கலப்பட முட்டை விழும். முட்டை வரும் வேகத்தைக் கூட்டும் எக் பவர் என்ற பலனைத் தரும் சாண்ட்விச் 30 நிமிடம் தாங்கும். ஃப்ளேம் பாடியை அதன் பிறகு சேர்த்துக்கொண்டால் போதும்.

எல்லா அசுர சேகரிப்பு ஆட்டங்களும் ஒன்றே என்ற கடைசிப் பத்தியையும் அப்படியே விட முடியவில்லை. 1998-இல் கேம் பாயில் வந்த டிராகன் குவெஸ்ட் மான்ஸ்டர்ஸில் இரு பெற்றோரும் லெவல் 10-ஐ எட்டியிருக்க வேண்டும். முட்டை கிடைத்ததும் இருவரும் நம்மைவிட்டுப் போய்விடுவார்கள். லெவல் பார்க்கவேண்டியது அங்கேதான். 2024 ஜனவரியில் வந்த பால்வேர்ல்டிலோ ஒவ்வோர் இனத்துக்கும் மறைவான ஓர் எண் உண்டு. தாய், தந்தை எண்களின் சராசரிக்கு அருகில் எது இருக்கிறதோ அதுவே பெரும்பாலும் பிறக்கும். பென்கிங்கும் புஷியும் சேர்ந்து இரண்டிலும் சேராத அனூபிஸ் வருவது அதனால்தான். அங்கே முட்டைக்கு ஒரு கேக் செலவு. ஒரு கேக்குக்கு மாவு 5, சிவப்புப் பெர்ரி 8, பால் 7, முட்டை 8, தேன் 2. தேன்தான் முதலில் தீரும்.

அடுத்த இணைப்பில் திருத்தம் வெளியிட இடம் குறைவு என்றால், லெவல் 100 பற்றிய அந்த ஒரு வரியையாவது நீக்கி, ஒருவர் கையில் டெஸ்டினி நாட், மற்றவர் கையில் எவர்ஸ்டோன் என்று அச்சிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்