அந்த வரியை மட்டும் எடுத்துவிடு

சுசீந்திரம்,
ஆவணி 12

அன்பு மக்களே,

நீ கேட்ட போட்டோவைச் சட்டத்திலிருந்து கழற்றி, பின்னால் அட்டை கொடுத்து, நேற்றே கூரியரில் போட்டுவிட்டேன். கண்ணாடியை நானே எடுத்துவிட்டேன், மும்பை வந்து சேர்வதற்குள் நொறுங்கிவிடும். சக்கரப் பலகையை, அதான் பழைய திருவிதாங்கூர்ச் சக்கரக் காசை எண்ணுகிற பலகையை, உன் அத்தை மகன் அடுத்த வாரம் ரயிலில் வரும்போது கையோடு கொண்டுவருவான். ஒரு மூலையைக் கரையான் அரித்திருக்கிறது, மற்றபடி கெட்டிதான்.

உன்னைப் பற்றி நீ எழுதி அனுப்பிய குறிப்பைப் படித்தேன். அம்மைக்கும் வாசித்துக் காட்டினேன். பெரிய குடும்பங்களின் பணத்தைப் பார்த்துக்கொள்கிற இடத்தில், நீ எந்த வீட்டுப் பிள்ளை என்று சொல்லிக்கொள்வது தொழிலுக்கு உதவும்தான், அதில் தப்பு ஒன்றும் இல்லை. பாட்டா நாஞ்சில் நாட்டுப் பழைய குடும்பம் என்பது சரி. வங்கி நடத்தினார் என்பதும் சரி. 'நான்காவது தலைமுறை வங்கியாளர்' என்பதில் ஒரு தலைமுறை இடிக்கிறது, அதை அப்புறம் சொல்கிறேன். கடைசி வரிதான் என் தொண்டையில் நிற்கிறது. '1938 நெருக்கடியில் தன் வயல்களை விற்று, ஒரு சக்கரம்கூடப் பாக்கி வைக்காமல் எல்லோர் பணத்தையும் திருப்பிக் கொடுத்தவர்' என்று எழுதியிருக்கிறாய். உனக்கு அந்தக் கதையைச் சொன்னவன் நான்தான். சின்ன வயதில், கரண்ட் போன ராத்திரிகளில், ஒன்றுக்கு நாலு தடவை சொல்லியிருப்பேன். அதனால் அதைத் திருப்பி வாங்கிக்கொள்வதும் என் வேலைதான்.

போட்டோவில் நீ பார்க்கிற ஆள் என் பாட்டா, உனக்குப் பூட்டன். தலைப்பாகை, கோட்டு, அதற்குமேல் புளியிலைக்கரை நேரியல். அது போட்டோவுக்காகப் போட்ட வேஷம். எனக்கு ஞாபகம் இருக்கிற பாட்டா மேலே ஒரு துண்டோடு வீட்டு முன்பக்க மங்களாவில் சாய்வு நாற்காலியில் கிடப்பார். விடியுமுன் பழையாற்றில் குளியல், ஈர வேட்டியோடு தாணுமாலயன் சந்நிதி, திரும்பி வந்ததும் இரண்டு மட்டிப்பழம், அப்புறம் கணக்கு. மார்கழித் தேரோட்டத்தில் வடம் பிடிக்க அவருக்கு ஓர் இடம் உண்டு. நவராத்திரிக்கு முன்னுதித்த நங்கை அம்மன் இங்கிருந்து திருவனந்தபுரம் புறப்படும்போது ஊர் எல்லை வரை நடந்து போய்த் திரும்புவார். மகாராஜாவுக்கு முகம் காட்டி வருவதென்று வருஷத்துக்கு ஒரு பயணம். வில்வண்டி இருந்தது, பிறகு கார் வந்தது, பிறகு இரண்டும் இல்லை.

அவர் ஏன் வங்கி ஆரம்பித்தார் என்பதை நான் உனக்குச் சொன்னதில்லை. சொல்ல வேண்டிய விஷயம் அதுதான் என்று எனக்கே இந்த வயதில்தான் புரிகிறது. நம் வீடு மருமக்கள் வழி. குடும்பத்துக்கு மூத்த ஆண் காரணவர், சொத்தெல்லாம் அவர் கையில். ஆனால் அவருக்குப் பிறகு அது அவருடைய மகனுக்குப் போகாது, அக்காள் தங்கை மக்களுக்குப் போகும். பெற்ற பிள்ளைகளுக்கு 'உகந்துடைமை' என்று ஏதோ ஒரு துண்டு கிடைக்கும், அதற்கும் ஆயிரம் வழக்கு. கொல்லம் 1101-ல், அதாவது 1926-ல், நாஞ்சில் நாட்டு வேளாளர் சட்டம் வந்தது. பாகம் கேட்கலாம், மகனுக்கு அப்பன் சொத்து சேரும் என்றானது. நம் வீட்டிலும் பாகம் பிரிந்தது. கோட்டைக் கணக்கில் நெல் வந்த வயல்களை ஒரே ஆள் ஆண்டது போய், ஆளுக்கு ஒரு துண்டு.

பாகத்தில் கையில் காசு வாங்கிய மருமக்களை ஒவ்வொருவராகக் கூப்பிட்டு, 'சும்மா வைத்திருந்தால் கரைந்துபோகும், பங்காகப் போடு' என்று பாட்டா சொன்னார். 1929 வாக்கில் மீனாட்சிபுரத்தில் இரண்டு அறையில் வங்கி வந்தது. காரணவர் பட்டம் போனது, டைரக்டர் பட்டம் வந்தது. பிரிந்துபோன பணமெல்லாம் மறுபடி அவர் சாவிக்குள் வந்துவிட்டது. எனக்கு அவர்மேல் எவ்வளவோ மரியாதை உண்டு, ஆனால் இந்தச் சாமர்த்தியத்தை நினைத்தால் சிரிப்பு வராமல் இருப்பதில்லை.

அந்தக் காலத்தில் திருவிதாங்கூரில் வங்கிகள் நூற்றுக்கணக்கில் இருந்தன. தெருவுக்குத் தெரு, சபைக்குச் சபை. கடன் கொடுப்பது முகம் பார்த்து. வாங்குகிறவன் இன்னார் வீட்டு மருமகன் என்றால் போதும். நம்முடைய வங்கியின் பெரிய கடன்கள் மூன்று: ஒரு பஸ் சர்வீஸ், குளச்சல் வழி நார் அனுப்புகிற ஒரு வியாபாரம், அப்புறம் ஒரு கல்யாணம். மூன்றும் சொந்தக்காரர்கள். மீதியெல்லாம் வயலை அடமானம் வைத்து வாங்கியவை.

இதில் உள்ள கோளாறு உனக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை. போட்டவன் எந்த நாளும் வந்து கேட்கலாம், வாங்கியவன் அறுவடைக்குத்தான் கொடுப்பான். அதுவும் 30-களில் நெல் விலை விழுந்தது, பர்மா அரிசி மலிவாக வந்து இறங்கியது. அடமான வயலை ஏலம் போட்டால் எடுக்க ஆள் கிடையாது. ரிசர்வ் வங்கி 1935-ல் வந்துவிட்டது என்றாலும் நம்மைப் போன்ற சமஸ்தானத்துச் சின்ன வங்கிக்கு அதன் கை நீளவில்லை.

1937-ல் திருவிதாங்கூர் நேஷனல் வங்கியும் குயிலான் வங்கியும் ஒன்றாகிப் பெரிய வங்கியானது. 1938 ஜூனில் அது கதவைச் சாத்தியது. திவான் சர் சி.பி.யின் கோபம்தான் காரணம் என்று சொல்கிறவர்கள் இன்றும் உண்டு. அதை நடத்திய மாம்மன் மாப்பிள்ளையும் சி.பி. மாத்தனும் ஜெயிலுக்குப் போனார்கள். அந்த மாம்மன் மாப்பிள்ளையும் பழைய பெரிய குடும்பத்து ஆள்தான். அவருடைய மகன் பிறகு பலூன் செய்து விற்க ஆரம்பித்து, அதுதான் எம்ஆர்எஃப் ஆனது. நீ தினமும் போகிற காரின் டயர் அந்தக் கதையின் வாலாக இருக்கலாம்.

பெரியது விழுந்தால் சின்னதின் வாசலில்தான் கூட்டம். ஜூன் மாதம் என்பதை யோசித்துப் பார். கும்பப்பூ போகத்து நெல் விற்றுத் தீர்ந்திருக்கும், கன்னிப்பூ போகம் வயலில் நிற்கும், பத்தாயம் காலி, பள்ளிக்கூடம் திறக்கிற நேரம். பாட்டாவின் கடன்காரன் ஒருவன் கையிலும் காசு கிடையாது. மூன்றாம் நாள் மத்தியானம் வங்கியைச் சாத்தினார்கள்.

அவர் வயல் விற்றது நிஜம். இரண்டு வயல், நல்ல பாசன வயல், அடிமாட்டு விலைக்கு. வந்த பணத்தைப் பங்கிட்டு, போட்டவர்களுக்கு ரூபாய்க்கு 16 சக்கரம் கொடுத்தார்கள். ஒரு ரூபாய்க்கு 28 சக்கரம். மிச்சம் 12 சக்கரத்தைத்தான் நான் உன்னிடம் சொல்லாமல் விழுங்கியிருக்கிறேன்.

அப்பா இறந்த பிறகு தட்டில், அதாவது மச்சில், இருந்த தகரப் பெட்டியைத் திறந்தேன். பேரேடு, இரண்டு நாள்வழி, ஒரு ரப்பர் சீல், காய்ந்துபோன மைப்பெட்டி. நான் முப்பத்தைந்து வருஷம் கேஷ் கவுண்டரில் உட்கார்ந்தவன், கணக்கைப் பார்த்தால் கண் தானாக ஓடும். வங்கி சாத்துவதற்கு முந்தின சாயங்காலம், கூட்டம் கலைந்த பிறகு, மூன்று பற்று எழுதியிருக்கிறது. ஒன்று பாட்டாவின் அக்காள் பெயரில். ஒன்று கோயில் கட்டளைப் பணம். மூன்றாவது ரூ. 4,200, மைனர் பெயரில். அந்த மைனர் என் அப்பா. அன்று அவருக்கு வயது 14. எழுத்து பாட்டாவுடையது, எனக்கு நன்றாகத் தெரியும்.

அவரைத் திட்டுவதற்காக இதை எழுதவில்லை. நம் வீட்டுக் காரணவர் ஒருவர் பெற்ற மகனுக்கு என்று முழு உரிமையோடு எதையாவது வைக்கச் சட்டம் விட்டு அன்றைக்குப் பன்னிரண்டு வருஷம்தான். தலைமுறை தலைமுறையாக அப்பன்மார் ஏங்கிய ஒன்று. கூட்டம் மறுநாள் விடியலில் வந்து நிற்கும் என்று தெரிந்து, ராத்திரி விளக்கு வைத்து அதை எழுதியிருக்கிறார். நான் அந்த நாற்காலியில் இருந்திருந்தால் என்ன செய்திருப்பேன் என்று நெஞ்சைத் தொட்டுச் சொல்ல எனக்குத் தைரியம் இல்லை. ஆனால் அந்த 4,200-இல்தான் ஆற்றங்கரை வயல் வாங்கப்பட்டது. 2003-ல் உன் எம்பிஏ ஃபீஸுக்கு நாம் விற்ற வயல் அது.

அப்பாவுக்கு இது எப்போது தெரிந்தது என்று எனக்குத் தெரியாது. அவர் சாகும் வரை எந்த வங்கியிலும் காலெடுத்து வைக்கவில்லை. வாத்தியார் சம்பளம் ஹார்லிக்ஸ் பாட்டிலில்தான் இருந்தது. எனக்கு வங்கி வேலை கிடைத்த அன்று, 'கவுண்டருக்கு வெளியே நிக்கிறவன் முகத்தைப் பாத்து எண்ணு' என்று சொன்னதோடு சரி. ஆக, தலைமுறைக் கணக்கில் ஒன்றைக் கழித்துவிடு.

இனி அந்தக் கிழவியைப் பற்றிச் சொல்ல வேண்டும். கோட்டார் சந்தையில் கருப்பட்டி விற்றவள். 1936-க்கு முன்னால் அவள் நம் கோயிலுக்குள் போக முடியாது, ஆனால் அவள் காசு நம் வங்கிக்குள் வரத் தடை ஒன்றும் இருக்கவில்லை. 112 ரூபாய் போட்டிருந்தாள். 64 திரும்பக் கிடைத்தது, 48 பாக்கி. வருஷம் தவறாமல் ஓணத்துக்கு முன்னால் ஓலைக் கொட்டானில் கருப்பட்டியோடு வந்து முற்றத்தில் நிற்பாள். கேட்கவே மாட்டாள். மடியிலிருந்து துணி சுற்றிய பாஸ்புக்கை எடுத்துப் படியில் வைப்பாள், அவ்வளவுதான். பாட்டா மங்களாவிலிருந்து எழுந்து உள்ளே போய்விடுவார். ஆச்சி இரண்டு மரக்கால் நெல் அளந்து கொடுப்பாள். எனக்கு எட்டு, ஒன்பது வயது. அது தர்மம் என்றுதான் நினைத்திருந்தேன்.

பாட்டா இறந்தது 1964-ல். அடுத்த ஓணத்துக்கும் அவள் வந்தாள். அப்பா பாட்டிலிலிருந்து 48 ரூபாயை எண்ணி எடுத்துக்கொண்டு முற்றத்துக்கு இறங்கி, அவள் கையில் கொடுத்தார். அவள் எண்ணினாள். பிறகு பாஸ்புக்கை நீட்டினாள். 'எழுதிச் சீல் வச்சுத் தாருங்க சாரே.' அப்பா, 'ரூவாதான் தந்தாச்சே, இனி சீல் எதுக்கு?' என்றார். அவள் நகரவில்லை. அப்பா என்னைத் தட்டுக்கு அனுப்பினார். மைப்பெட்டி கல்லாகக் கிடந்தது. என் பேனாவைத் திறந்து நாலு சொட்டு இங்க் விட்டு, விரலால் தேய்த்து, சீலை அழுத்தினோம். முதல் தடவை ஒன்றும் விழவில்லை. இரண்டாம் தடவை நீலமாக ஒரு கறை, அதில் வங்கியின் பெயரில் பாதி. அவளுக்கு எழுத்துத் தெரியாது. வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்து, ஊதிக் காயவைத்து, துணியில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டாள். அதற்குப் பிறகு அவள் வரவில்லை. அன்றைக்கு அவள் வைத்துவிட்டுப் போன கருப்பட்டியை அப்பா தொடவே இல்லை, நாங்கள் பிள்ளைகள் தின்று தீர்த்தோம்.

பேரேட்டில் அவளைப் போல இன்னும் அறுபது பேர் இருக்கிறார்கள். இருபது ரூபாய், பதினைந்து ரூபாய். 1960-ல் பாலாய் சென்ட்ரல் வங்கி விழுந்த பிறகுதான் சர்க்காருக்கு உறைத்து, 1962-லிருந்து டெபாசிட்டுக்கு இன்சூரன்ஸ் வந்தது. முதலில் 1,500 ரூபாய் வரை, இப்போது 5 லட்சம். அந்த 1,500 அப்போது இருந்திருந்தால் இந்த அறுபது பேரும் முழுசாக வாங்கியிருப்பார்கள்.

போன மாதம் ஒரு கிறுக்குத்தனம் செய்தேன், அம்மைக்குத் தெரியாது. பேரேட்டில் ஊர்ப் பெயரோடு இருந்த ஒருவரின் பேரனை விசாரித்துப் பிடித்தேன். வடசேரி பஸ் ஸ்டாண்டு பக்கம் மொபைல் கடை வைத்திருக்கிறான். பொறுமையாகக் கேட்டான். பாக்கி எவ்வளவு என்றான். பதினோரு ரூபாய் என்றேன். சிரித்துவிட்டு, 'ஒரு சாயா காசு, அண்ணாச்சி' என்றான். அதற்குள் இன்னொரு ஆள் சார்ஜர் கேட்டு வந்துவிட்டான். சும்மா இறங்கி வர மனசில்லாமல் ஒரு போன் கவர் வாங்கினேன், 150 ரூபாய்.

ஆகையால் மக்களே, போட்டோவைப் போடு, பலகையை வை, பழைய குடும்பம் என்றும் எழுது. அந்த வரியை மட்டும் எடுத்துவிடு. அந்த இடத்தில் வேறு என்ன எழுதலாம் என்று நானும் யோசித்துப் பார்த்தேன், வரவில்லை. உனக்கு வந்தால் எழுது, அனுப்புவதற்கு முன்னால் எனக்குப் படித்துக் காட்டு. பேரேட்டை நான் அனுப்பப் போவதில்லை. மார்கழித் தேருக்கு வரும்போது இங்கேயே பார்.

பலகையை எப்படி எண்ணுவது என்று கேட்டிருந்தாய். நாணயத்தை ஒரு கை அள்ளிக் கொட்டி, இரண்டு கையாலும் லேசாக ஆட்டி, மிச்சத்தைச் சரித்துத் தள்ள வேண்டும். குழிக்கு ஒன்று நிற்கும். வெள்ளிச் சக்கரம் மிளகு மாதிரி சின்னது, விரலால் எண்ணினால் விடிந்துவிடும் என்பதால் செய்த ஏற்பாடு. பாட்டா காலத்திலேயே வெள்ளிச் சக்கரம் போய்விட்டது, வங்கி மேஜையில் அது சும்மா கௌரவத்துக்கு இருந்தது. நாங்கள் குன்றிமணி போட்டு விளையாடுவோம். ஒரு பொட்டலம் குன்றிமணியும் கூட வைத்திருக்கிறேன், உன் மகன் வாயில் போடாமல் பார்த்துக்கொள், விஷம்.

அந்த போன் கவர் என் போனுக்குச் சேரவில்லை. அதையும் பலகையோடு கொடுத்தனுப்புகிறேன், உனக்குச் சேர்கிறதா பார்.

அன்புடன்,
அப்பா