மூன்று கட்டைக்கு மேல் ஏறாத குரல்

அன்புள்ள சாருவுக்கு,

அம்மா எழுதுவது. போனில் பேசினால் நடுவில் உன் பிள்ளை வந்துவிடுகிறான், அவன் வராவிட்டால் எனக்கு அழுகை வந்துவிடுகிறது. அதனால் பழைய வழக்கப்படி காகிதத்தில் எழுதுகிறேன். அப்பா இதைப் போட்டோ எடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடுவார். வரிசை மாற்றி அனுப்பினால் நீயே பக்க எண் பார்த்துப் படித்துக்கொள்.

போன ஞாயிற்றுக்கிழமை நீ சொன்னதுதான் மனசில் ஓடிக்கொண்டே இருக்கிறது. ஆண்டு விழாவில் பாட்டுக்கு வேறு ஒரு சின்னப் பெண்ணைப் பிடித்துவிட்டார்கள், உனக்கு நாடகத்தில் அம்மா வேஷம் தருகிறார்கள், அதுவும் உன்னைவிட மூன்று வயசு சின்னவனுக்கு அம்மா. "நான் அவ்வளவு கிழவியாயிட்டேனாம்மா?" என்று கேட்டாய். நான் ஏதோ சமாதானம் சொல்லி வைத்தேன். போனை வைத்த பிறகுதான் பாடகி உஷா உதுப் ஞாபகம் வந்தது.

2006இல் 'போத்தன் வாவா' என்று ஒரு மலையாளப் படம். அதில் உஷா உதுப் மம்முட்டிக்கு அம்மா. மம்முட்டி 1951இல் பிறந்தவர், உஷா 1947. கணக்குப் போட்டுப் பார், நாலே வயசு வித்தியாசம்! உன் கதையும் கிட்டத்தட்ட அதேதான். அப்புறம் 2010இல் நம் 'மன்மதன் அம்பு'வில் மாதவனுக்கு அம்மா. அடுத்த வருஷம் '7 கூன் மாஃப்' என்ற இந்திப் படத்தில் பிரியங்கா சோப்ரா வீட்டு வேலைக்கார மேகி ஆன்ட்டி. இதெல்லாம் அறுபதை ஒட்டியும் தாண்டியும் வந்தவை. அவர் பாட்டை விட்டுவிட்டு நடிக்கப் போகவில்லை. அந்த மேகி ஆன்ட்டி வந்த அதே படத்தில் ரேகா பரத்வாஜோடு சேர்ந்து 'டார்லிங்' பாடினார். அதற்கு இரண்டு பேருக்கும் பிலிம்பேர் விருது. அப்போது உஷாவுக்கு வயசு 64.

உனக்கு அவரை 'அஞ்சலி' படத்தில்தான் முதலில் தெரியும். 1990. 'வேகம் வேகம்' பாட்டு நம் கல்கத்தா லேக் மார்க்கெட் வீட்டு டேப் ரிக்கார்டரில் ஓடி ஓடி நாடாவே தேய்ந்தது. அஞ்சு வயசு உனக்கு. கட்டில் மேல் ஏறிக் குதித்தபடி, "இது மாமா பாடறதா, மாமி பாடறதா?" என்று கேட்டாய். மாமி என்றேன். நீ நம்பவில்லை.

அந்தக் குரலால் அவர் பட்டது உனக்குத் தெரியாது. பம்பாயில் வளர்ந்த தமிழ்க் குடும்பம், அப்பா போலீஸ் அதிகாரி. பள்ளிக்கூடத்துப் பாட்டு வகுப்பில், உன் குரல் மற்றவர்களோடு சேரவில்லை என்று வெளியே அனுப்பிவிட்டார்கள். ஆனால் அந்த டீச்சருக்குக் கொஞ்சம் காது இருந்திருக்கிறது. பிள்ளைக்குள் சங்கீதம் இருக்கிறது என்று கண்டு, தட்டுகிற கட்டையும் முக்கோணக் கம்பியும் கொடுத்துத் தாளம் போட வைத்தார். வீட்டில் அக்காமார்கள் பாடுகிறவர்கள். ஒன்பது வயசில் வானொலி அறிவிப்பாளர் அமீன் சயானி மூலம் ரேடியோ சிலோனில் பாடினார். முறையாகச் சங்கீதம் கற்றுக்கொள்ளவில்லை.

அவர் தொழிலைத் தொடங்கியது எங்கே தெரியுமா? நம் மெட்ராஸில். 1969இல் மவுண்ட் ரோட்டில் 'நைன் ஜெம்ஸ்' என்று ஒரு இரவு விடுதி, சஃபையர் தியேட்டர் இருந்த வளாகத்தில். அங்கே புடவை கட்டிக்கொண்டு இங்கிலீஷ் பாட்டுப் பாடினார். அந்தக் காலத்து மெட்ராஸை நான் பார்த்தவள். கிளப்பில் பாடுகிற பெண் என்றாலே மூக்கில் விரலை வைப்பார்கள். அவர் அதே காஞ்சிபுரத்தையும் நெற்றி நிறையப் பொட்டையும் விடாமல் பம்பாய் போனார், கல்கத்தா போனார், பார்க் ஸ்ட்ரீட்டில் டிரிங்காஸ் என்ற உணவு விடுதியில் பாடினார். பிறகு கணவரான ஜானி சாக்கோ உதுப்பை அங்கேதான் சந்தித்தார். (உன் அப்பா டிரிங்காஸுக்குப் போனது ஒரே முறை, ஆபீஸ் பார்ட்டிக்கு. வந்து தயிர்சாதம் கேட்டார்.)

சினிமாவும் சீக்கிரமே வந்துவிட்டது. 1971இல் 'ஹரே ராமா ஹரே கிருஷ்ணா', 1972இல் 'பாம்பே டு கோவா'. இரண்டாவது படத்தில் திரையிலேயே தோன்றிப் பாடினார். தமிழில் 1975இல் 'மேல்நாட்டு மருமகள்'. அதற்கு இசை யார் தெரியுமா, வயலின் குன்னக்குடி வைத்தியநாதன்! நெற்றி நிறையப் பட்டையும் பொட்டுமாக அவர் மெட்டுப் போட, இவர் இங்கிலீஷில் பாடியிருக்கிறார். நினைத்தாலே சிரிப்பு வருகிறது. நடுவில் நைரோபிக்குப் போய் ஸ்வாஹிலியில் 'மலைக்கா' பாடினார். அந்த நாட்டு ஜனாதிபதி ஜோமோ கென்யாட்டா அவருக்குக் கென்யாவின் கௌரவக் குடியுரிமையே கொடுத்தார். அப்புறம் 'ரம்பா ஹோ', 'ஹரி ஓம் ஹரி' என்று டிஸ்கோ காலம். உண்மையைச் சொல்கிறேன், அந்த டிஸ்கோ பாட்டுகள் எனக்கு இன்றுவரை பிடிக்காது. பூஜை நாட்களில் பந்தல் ஒலிபெருக்கியில் ராத்திரி பன்னிரண்டு மணிக்கு அவற்றைக் கேட்டுத் தூக்கம் கெட்டவள் நான்.

ஆனால் ஒரு சங்கதியில் அவரை நான் கையெடுத்துக் கும்பிடுவேன். நாங்கள் கல்கத்தா வந்த புதிது, 1980களின் தொடக்கம். அப்போது பொதுப்பணித் துறை அமைச்சராக இருந்த ஜதின் சக்கரவர்த்தி, இவர் பாடுவது 'அபசங்ஸ்க்ருதி', அதாவது பண்பாட்டைக் கெடுப்பது என்று சொல்லி, அரசு மண்டபங்களில் பாட விடக்கூடாது என்றார். பக்கத்து வீட்டு வங்காளிகள் இரண்டு கட்சியாகப் பிரிந்து மாடியில் நின்று சண்டை போட்டார்கள். உஷா ஊரைவிட்டுப் போகவில்லை. கோர்ட்டுக்குப் போனார், ஜெயித்தார். அதே ஊரில் அதே பாட்டுகளைப் பாடினார். இப்போது பொட்டிலேயே வங்காள 'க' எழுத்தை வைத்துக்கொள்கிறார், கல்கத்தாவுக்காக. துரத்தப் பார்த்த ஊரின் எழுத்தை நெற்றியில் ஒட்டிக்கொண்டு நடப்பதற்கு எவ்வளவு குறும்பு வேண்டும், பார்.

சரி, இப்போது நான் சொல்ல வந்ததைச் சொல்லிவிடுகிறேன். இத்தனை நேரம் சுற்றிச் சுற்றி வந்ததே அதைத் தள்ளிப்போடத்தான்.

உனக்கு ஒன்பது வயசில் பாட்டு மாமியிடம் சேர்த்தேனே. எட்டுப் பெண்கள், எல்லாருக்கும் அஞ்சு கட்டை சுருதி, அதாவது நல்ல ஏற்றமான குரல். நீ மூன்றுக்கு மேல் போனால் குரல் உடையும். நாலாம் மாசம் மாமி என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "இவளுக்குக் குரல் கட்டை, பெண் குரலே இல்லை. வீணை கத்துக்கட்டும்" என்றார். இவளுக்கு மட்டும் சுருதியைக் கீழே இறக்கிப் பார்க்கலாமா என்று கேட்க நாக்கு நுனிவரை வந்தது. கேட்கவில்லை. எனக்கும் உள்ளூர வெட்கமாக இருந்தது, சாரு. பொண் பார்க்க வருகிறவர்கள் முன்னால் இந்தக் குரலில் பாடினால் என்ன நினைப்பார்களோ என்று ஒன்பது வயசுப் பிள்ளையை வைத்துக்கொண்டு யோசித்தேன். உன்னிடம், "மாமிக்கு உடம்பு சரியில்லை, கிளாஸ் இல்லை" என்று பொய் சொன்னேன். வீணையும் வாங்கித் தரவில்லை. இந்தி டியூஷனில் சேர்த்தேன்.

உஷாவின் அந்தப் பள்ளிக்கூட டீச்சராவது தட்டுகிற கட்டையும் கம்பியும் கையில் கொடுத்தார். நான் அதைக்கூடச் செய்யவில்லை.

நீயாகவே காலேஜில் கிடார் பையன்களோடு சேர்ந்து திரும்பப் பாட ஆரம்பித்தபோது, "பொழுதுபோக்குதானே" என்று நான் சொன்னதும் ஞாபகம் இருக்கிறது. அதையெல்லாம் நீ ஒருநாளும் சொல்லிக்காட்டியதே இல்லை. சொல்லியிருக்கலாம்.

உஷா உதுப்புக்கு 2011இல் பத்மஸ்ரீ, 2024இல் பத்மபூஷண். அந்த வருஷம் ஜூலையில் கணவர் போய்விட்டார். டிவியில் பார்த்தபோது அப்பா சத்தத்தைக் குறைத்துவிட்டுச் சும்மா உட்கார்ந்திருந்தார். முட்டி வலியோ என்னவோ, இப்போதெல்லாம் பட்டுப்புடவைக்குக் கீழே, புடவைத் துணி ஒட்டிய கான்வாஸ் ஷூ போட்டுக்கொண்டு மேடை ஏறுகிறார். எனக்கும் அப்படி ஒரு ஜோடி வேண்டும் என்றால் அப்பா சிரிக்கிறார்.

அம்மா வேஷத்தை ஒத்துக்கொள் என்றோ வேண்டாம் என்றோ சொல்லமாட்டேன். அந்த உரிமையை மாமி வீட்டு வாசலிலேயே விட்டுவிட்டேன். ஒத்துக்கொண்டால், அந்த அம்மாவுக்கு ஒரு பாட்டு உண்டா என்று கேட்டுப் பார். உண்டு என்றால் உன் சுருதியில் வைக்கச் சொல், மூன்று கட்டை. ஆர்மோனியக்காரர் முகத்தைச் சுளித்தால் சுளிக்கட்டும்.

விழாவுக்குக் கட்டிக்கொள்ள என் அரக்குக் காஞ்சிபுரத்தை அடுத்த மாசம் உன் மாமா வரும்போது கொடுத்து அனுப்புகிறேன். ஓரத்தில் கொஞ்சம் ஜரிகை பிரிந்திருக்கிறது, ஃபால்ஸ் தைத்து வாங்கிவிட்டேன். ரவிக்கை அளவு மட்டும் எழுது, பழைய அளவு போதாது என்று நினைக்கிறேன். உன் பிள்ளைக்கு முறுக்கும் தனியாகக் கட்டி வைக்கிறேன்.

ஒத்திகையில் நீ பாடுவதை யாரையாவது பிடித்து ரிக்கார்டு பண்ணி அனுப்பச் சொல். அப்பாவுக்கு அல்ல, எனக்கு.

அன்புடன்,
அம்மா