டிராகன் சீசன் முடிந்த கையோடு

மதுரை
11 ஆகஸ்ட் 2024

மாப்ள,

ஹவுஸ் ஆஃப் தி டிராகன் தொடரின் இரண்டாவது சீசனைத் திட்டி நீ போட்ட மெயிலைச் செவ்வாய்க்கிழமையே பார்த்துவிட்டேன். "எட்டு வாரம் உட்கார வைத்துவிட்டு, சண்டை ஆரம்பிக்கும் நேரத்தில் கடையைச் சாத்திவிட்டார்கள்" என்று நீ எழுதியிருந்ததைப் படித்தபோது உன் குரலே காதில் விழுந்தது. அப்போதே பதில் எழுத உட்கார்ந்தேன். ஆனால் நீ சொன்னதில் பாதியை ஒத்துக்கொள்கிறேன், மீதிப் பாதியில் உன்னோடு சண்டை போட வேண்டியிருக்கிறது, சண்டையை அவசரத்தில் போடக் கூடாது என்று ஞாயிற்றுக்கிழமைக்குத் தள்ளிவைத்தேன்.

முதலில் வீட்டுச் செய்தி. அம்மாவுக்கு மே மாதம் கண்புரை ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது, சொட்டு மருந்தெல்லாம்கூட நிறுத்தியாகிவிட்டது. கட்டுப் பிரித்த அன்று சுற்றிமுற்றிப் பார்த்துவிட்டு, "வீட்டுக்குப் புதுசா வெள்ளையடிச்சீங்களாடா" என்று கேட்டார். நாலு வருஷமாக எல்லாமே மஞ்சளாகத் தெரிந்திருக்கிறது, யாரிடமும் வாய் திறக்கவில்லை. சின்னவள் ஒன்றாம் வகுப்புக்குப் போய்விட்டாள். நீ வீடு மாறிய கதையை விரிவாக எழுது, அந்த மாடிப்படியில் பீரோவை எப்படி ஏற்றினீர்கள் என்று தெரிந்துகொள்ள வேண்டும்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். ஹவுஸ் ஆஃப் தி டிராகன் இங்கே திங்கட்கிழமை காலை ஆறரைக்கு வரும். அமெரிக்காவில் அப்போது ஞாயிறு இரவு ஒன்பது. ஜூன் 17-இல் தொடங்கி ஆகஸ்ட் 5 வரை எட்டு திங்கட்கிழமையும் ஆறேகாலுக்கே எழுந்து டிவி முன்னால் உட்கார்ந்தேன். முதல் சீசன் 2022 அக்டோபரில் முடிந்தது, அதற்கப்புறம் இருபது மாதம் காத்திருந்தவன் ஆபீஸ் முடிந்து வரும் வரைக்கும் எப்படிப் பொறுப்பேன்? முதல் வாரமே அம்மா சின்ன வெங்காயத் தட்டோடு பக்கத்தில் வந்து உட்கார்ந்துகொண்டார். இங்கிலீஷ் புரியாது. சன்னமாக விளக்கேற்றி இருட்டில் எடுத்த தொடர் வேறு. ஆனால் புதுக் கண்ணல்லவா, பத்து நிமிஷத்தில், "ஒருத்தி பக்கம் பச்சை, ஒருத்தி பக்கம் கறுப்பு, பங்காளிச் சண்டையா?" என்று கேட்டுவிட்டார். அதேதான்: செத்துப்போன ராஜா விசேரிஸ் வாரிசாக்கிய மகள் ரெனீரா கறுப்பு; அவருடைய இரண்டாம் மனைவி அலிசென்ட், அவள் முடிசூட்டிய மகன் ஏகான், அவன் தம்பி ஏமண்ட் எல்லாம் பச்சை. நீயும் நானும் முதல் சீசனில் யார் யாருக்குப் பிறந்தவர்கள் என்று காகிதத்தில் வம்சாவளி போட்டுப் பார்த்தோமே, நினைவிருக்கிறதா?

அந்த முதல் எபிசோடில் ரெனீரா கடற்கரையில் மகனைத் தேடிக்கொண்டிருப்பாள். ஏமண்டின் டிராகன் வேகார், அவள் மகன் லூசரிஸையும் அவன் டிராகனையும் வானத்திலேயே கடித்துப்போட்டதோடு முதல் சீசன் முடிந்தது. இப்போது அம்மாக்காரி கரையோரமாகத் திரிகிறாள், வலையில் டிராகனின் இறக்கைத் துண்டு கிடைக்கிறது, அப்புறம் பையனின் மேலங்கி. அந்தத் துணியைக் கையில் எடுத்துவிட்டு உட்கார்ந்து அழுகிறாள். முழு எபிசோடிலும் ரெனீராவாக வரும் எம்மா டார்சிக்கு ஒரே ஒரு வசனம்தான், எனக்கு ஏமண்ட் வேண்டும் என்று. வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த அம்மாவின் கை நின்றுபோனது. "இவ பேசவே வேணாம்டா, எல்லாம் தெரியுது" என்றார். மகன் செத்துவிட்டான் என்று வார்த்தையாகக் கேட்பது வேறு, அவன் துணியைத் தொட்டுப் பார்ப்பது வேறு. அந்த வேறுபாட்டுக்காக அவ்வளவு நேரத்தை ஒதுக்கிய தொடரை நீ "ஒண்ணுமே நடக்கவில்லை" என்கிறாய்.

அதே எபிசோடின் கடைசியில் எனக்குக் கோபம் வந்தது, அதையும் சொல்லிவிடுகிறேன். பழிக்குப் பழி வாங்க அரண்மனைக்குள் இரண்டு பேர் நுழைகிறார்கள், ஒருவன் எலி பிடிப்பவன். ஏமண்ட் கிடைக்கவில்லை, ஏகானின் மனைவி ஹெலேனாவும் அவளுடைய இரட்டைக் குழந்தைகளும்தான் கிடைக்கிறார்கள். தொடருக்கு மூலமான ஜார்ஜ் ஆர். ஆர். மார்ட்டினின் 'ஃபயர் அண்ட் பிளட்' புத்தகத்தில் ஹெலேனாவுக்கு மேலர் என்று இன்னொரு சின்னப் பையனும் உண்டு. இரண்டு மகன்களில் யாரைக் கொல்லலாம் என்று அவளையே சொல்ல வைப்பார்கள், அவள் சின்னவன் பெயரைச் சொல்வாள், உடனே அவர்கள் பெரியவனை வெட்டுவார்கள். அதற்கப்புறம் எஞ்சிய பிள்ளையின் முகத்தில் அவளால் விழிக்கவே முடியாது. தொடரில் மேலரே கிடையாது. இதில் எது ஆண் குழந்தை என்று மட்டும் கேட்கிறார்கள், அவள் காட்டிக்கொடுக்கிறாள். கொடுமைதான், ஆனால் வாழ்நாள் முழுக்க அவளைத் தின்னப்போகிற அந்தக் குற்ற உணர்வு காணாமல் போய்விட்டது. ஹெலேனாவாக ஃபியா சபான் அவ்வளவு அமைதியாக நடித்திருக்கிறாள், பெண் குழந்தையைத் தூக்கிக்கொண்டு அலிசென்டின் அறைக்குள் வந்து, பையனைக் கொன்றுவிட்டார்கள் என்று சொல்வதை என்னால் மறக்க முடியவில்லை. ஆனாலும் புத்தகத்தில் இருந்த அந்த அடியை நீக்கியிருக்கக் கூடாது.

அடுத்த வாரம் அந்தப் பழிக்கு இன்னொரு பழி. கொன்றவன் எந்த எலி பிடிப்பவன் என்று தெரியாததால் ஏகான் அத்தனை எலி பிடிப்பவர்களையும் தூக்கில் போட்டுவிடுகிறான். கோட்டைச் சுவரில் வரிசையாகத் தொங்குகிறார்கள், கீழே பெண்கள் கதறுகிறார்கள். அப்போது அந்த நாயைக் கவனித்தாயா? முந்தின எபிசோடில் அந்தக் கொலைகார எலி பிடிப்பவனோடு சுரங்கவழியில் வந்த நாய், அவனிடம் உதை வாங்கிய நாய், தொங்குகிற எஜமானை அண்ணாந்து பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும். இரண்டு விநாடிகூட இருக்காது. மொத்தச் சீசனிலும் எனக்கு முதலில் ஞாபகம் வருவது அதுதான்.

இங்கேதான் நான் உன்னோடு சண்டை போடுகிறேன். நீ போரைப் பார்க்க உட்கார்ந்தாய். இவர்கள் போர் எப்படித் தொடங்குகிறது என்பதை எடுத்திருக்கிறார்கள், நிறுத்த எத்தனை வாய்ப்பு வந்தது, ஒவ்வொன்றையும் யார் கைவிட்டார்கள் என்று. நடுவில் மாட்டிக்கொண்டவர்கள் எலி பிடிப்பவர்கள், ஆடு மேய்ப்பவர்கள், கொல்லர்கள். முதல் எபிசோடில் ஒருவன் தர்பாருக்கு வந்து, டிராகன்களுக்குத் தீனியாக எடுத்துப்போன ஆடுகளைத் திருப்பித் தாருங்கள், குளிர்காலம் வருகிறது என்று கெஞ்சுவான். ஏகான் கொடுத்துவிடலாம் என்பான், தாத்தா ஓட்டோ விடமாட்டார். ரெனீரா பக்கத்துக் கோர்லிஸின் கப்பல்கள் கடலை மறித்ததும் ஊரில் பட்டினி. கொல்லன் ஹ்யூவின் மகளுக்கு உடம்பு முடியாமல் போகும், காப்பாற்ற முடியாது. அவன் டிராகனை அடக்கக் கிளம்பும்போது அந்தப் பிள்ளையும் கூடவே வருகிறாள் என்றுதான் நான் பார்த்தேன்.

மார்ட்டின் இதை ஆகாயத்திலிருந்து எடுக்கவில்லை, இங்கிலாந்தில் நிஜமாகவே நடந்ததிலிருந்துதான் எடுத்தார். 1120-இல் வெள்ளைக் கப்பல் மூழ்கியதில் முதலாம் ஹென்றியின் ஒரே முறையான மகன் இறந்துபோனான். ராஜா தன் மகள் மடில்டாவை வாரிசாக்கி, பிரபுக்களிடம் சத்தியமும் வாங்கினார். 1135-இல் அவர் இறந்ததும் சத்தியத்தைக் காற்றில் விட்டுவிட்டார்கள், அவருடைய சகோதரி மகன் ஸ்டீபன் முடிசூடிக்கொண்டான். 1153-இல் உடன்படிக்கை ஆகும் வரை அடிதடிதான். 1141-இல் ஸ்டீபனே பிடிபட்டான், மடில்டா லண்டனுக்குள்ளும் போனாள், ஆனால் ஊர்க்காரர்கள் துரத்திவிட்டார்கள், முடி அவள் தலையில் ஏறவே இல்லை. விசேரிஸ், ரெனீரா, ஏகான் மூன்று பேரையும் இதில் பொருத்திப் பார், அச்சு அசல். அந்தக் காலத்துத் துறவி ஒருவர் வரலாற்றேட்டில், கிறிஸ்துவும் அவருடைய புனிதர்களும் தூங்கிவிட்டார்கள் என்று ஜனங்கள் வெளிப்படையாகவே சொன்னதாக எழுதிவைத்திருக்கிறார். யார் ராஜா என்பதைவிட உழுத நிலம் விளையாமல் போனதுதான் அவருக்குப் பெரிதாக இருந்திருக்கிறது.

புத்தகமும் கதையாக இருக்காது, வரலாற்று நூல் மாதிரிதான் இருக்கும். பிற்காலத்து அறிஞர் ஒருவர் எழுதுவார், அவருக்கு ஆதாரம் ஒரு கோமாளி, ஒரு பூசாரி, ஒரு மேஸ்டர் (அந்த உலகத்துப் பண்டிதர்), மூன்று பேரும் மூன்று விதமாகச் சொல்வார்கள். அதனால் அறைக்குள் என்ன பேசிக்கொண்டார்கள் என்பது புத்தகத்தில் இருக்காது. தொடருக்கு இருக்கும் வேலையே அந்த அறைக்கதவைத் திறப்பதுதான். திறந்தால் மெதுவாகத்தான் போகும்.

நான்காவது எபிசோடைப் பற்றி நமக்குள் சண்டை இல்லை என்று நினைக்கிறேன். ரூக்ஸ் ரெஸ்ட் கோட்டைச் சண்டை. மரங்களுக்குள் அந்தக் கிழட்டு வேகார் பதுங்கிக் கிடந்தது, யாரும் கூப்பிடாமலே ஏகான் தன் டிராகன் சன்ஃபயரில் ஏறிக் குடிபோதையில் வந்தது, ஏமண்ட் அண்ணன் என்றும் பார்க்காமல் இரண்டு டிராகன்மேலும் சேர்த்து நெருப்பை விட்டது. ரெனீரா பக்கத்து ரெய்னிஸ் தப்பித்துப் போயிருக்கலாம், ஆனால் தன் டிராகன் மெலீஸோடு திரும்பினாள். கடைசியில் வேகார் கீழேயிருந்து எழும்பி மெலீஸின் கழுத்தைக் கவ்வும்போது, மெலீஸ் தலையைத் திருப்பித் தன் முதுகில் இருப்பவளை ஒரு தடவை பார்க்கிறது. ரெய்னிஸாக வரும் ஈவ் பெஸ்ட் அதைப் பார்க்கிறாள், பிடியை விட்டுவிடுகிறாள். 2013-இல் திருவல்லிக்கேணி மேன்ஷனில் கேம் ஆஃப் த்ரோன்ஸில் ராப் ஸ்டார்க்கைக் கொன்ற அந்தக் கல்யாண விருந்தைப் பார்த்துவிட்டு, யாரும் கீழே இறங்கிச் சாப்பிடக்கூடப் போகாமல் கிடந்தோமே, அன்றைக்கு அப்புறம் எனக்கு நெஞ்சு அப்படி அடைத்தது இதற்குத்தான். சண்டை ஓய்ந்ததும் ஏகானின் தளபதி கிரிஸ்டன் கோல் சாம்பலுக்குள் நடந்து போவான், ஒரு படைவீரனைத் தொடுவான், ஆள் அப்படியே உதிர்ந்துபோவான். ஜெயித்த பக்கம் அது, மாப்ள. அடுத்த வாரம் மெலீஸின் தலையை வண்டியில் வைத்து ஊர்வலம் விட்டால் ஜனம் ஆரவாரம் செய்யும் என்று எதிர்பார்க்கிறான், தெருவே வாயடைத்து நிற்கிறது. டிராகனும் சாகும் என்று தெரிந்துபோனால் அப்புறம் இந்த ராஜாக்களுக்கு யார் பயப்படுவார்கள்?

ஹாரன்ஹால் கதை இழுவை என்று நீ சொல்வது சரி. ரெனீராவின் கணவன் டேமனுக்கு அந்தப் பாழடைந்த கோட்டையில் வாராவாரம் கனவு வந்துகொண்டே இருந்தது, இரண்டு வாரம் குறைத்திருக்கலாம். ஆனால் அண்ணன் விசேரிஸ் மனைவியின் உடம்பின்மேல் சாய்ந்து அழும்போது, அன்றைக்குப் பக்கத்தில் நிற்காத தம்பி கனவில் போய்க் கட்டிப்பிடித்துக்கொள்வானே, அதற்காக மீதியைப் பொறுத்துக்கொண்டேன். விசேரிஸாக வரும் பேடி கான்சிடைன் இரண்டு நிமிஷம் வந்தால் போதும்.

ஏழாவது எபிசோடில்தான் ரெனீராவைப் பார்த்து எனக்கு முதல்முறையாகப் பயம் வந்தது. டார்கேரியன் ராஜவம்ச ரத்தம் எங்காவது ஓடுகிற ஏழை ஜனங்களைப் படகில் வரவழைத்து, வெர்மிதோர் என்ற டிராகன் இருக்கும் குகைக்குள் இறக்கிக் கதவைச் சாத்துகிறாள். டிராகன்களைப் பார்த்துக்கொள்கிறவர்களே இந்தப் பாவத்தில் பங்கு வேண்டாம் என்று ஒதுங்கிப்போய்விட்டார்கள். அவள் மேலே நின்று பார்க்கிறாள், கீழே கொத்துக்கொத்தாக எரிகிறார்கள். ஒரு மகனுக்காகக் கரையில் உட்கார்ந்து அழுதவள்தானே இவள். அம்மா அன்று பாதியில் எழுந்து சமையலறைக்குப் போய்விட்டார், திரும்பி வரவில்லை.

கடைசி எபிசோடுக்கு வருகிறேன். மூன்றாவதில் ரெனீரா மாறுவேடத்தில் வந்து மெழுகுவர்த்திகளுக்கு நடுவே அலிசென்டைச் சந்தித்தபோது, விசேரிஸ் சாகும்போது சொன்ன ஏகான் தன் மகன் இல்லை, வம்சத்து முன்னோரான பழைய ஏகான் என்று அலிசென்டுக்கு உறைக்கும். ஒரே பெயரால் வந்த வினை. தெரிந்தும், இனிமேல் ஒன்றும் செய்ய முடியாது என்று சொல்லிவிட்டுப் போய்விடுவாள். சரியான முடிவு அது, கதவு அத்தோடு மூடிவிட்டது. அதே இரண்டு பேரை எட்டாவதில் மறுபடி உட்கார வைத்து, அலிசென்டைத் தன் மகனின் தலைக்கே சம்மதிக்க வைத்ததை என்னால் ஏற்க முடியவில்லை. அலிசென்டாக ஒலிவியா குக் நன்றாகத்தான் செய்தாள். ஆனால் முதல் சந்திப்பின் கனத்தை இரண்டாவது குறைத்துவிட்டது. அப்புறம் எல்லாப் படைகளும் கிளம்புகிறார்கள், கப்பல்கள் புறப்படுகின்றன, திரை விழுந்துவிட்டது. முதல் சீசன் போலப் பத்து எபிசோடு இருந்திருந்தால் அந்தக் கடல் சண்டையையும் பார்த்திருப்போம். நீ கோபப்பட்டது நியாயம், நானும் ரிமோட்டைக் கையில் வைத்துக்கொண்டு இன்னும் வரும் என்று உட்கார்ந்திருந்தேன்.

மொத்தம் நான்கு சீசன்தான் என்று தொடரை எடுக்கும் ரயன் காண்டல் சொல்லிவிட்டார், மூன்றாவதன் படப்பிடிப்பு அடுத்த வருஷத் தொடக்கத்தில். அதனால் திரும்பவும் நீண்ட காத்திருப்புதான். நீ தீபாவளிக்கு மதுரை வருகிறாய் என்றால் இரண்டு நாள் கூடவே போட்டு வா. நான்காவது எபிசோடை இந்தத் தடவை சத்தம் கூட்டி வைத்துச் சேர்ந்து பார்ப்போம். அம்மாவும் கேட்டுக்கொண்டே இருக்கிறார், அந்தக் கரையில் அழுதவளுக்கு இன்னும் நாலு பிள்ளைகள் இருந்தார்களே, அவர்களாவது தங்குவார்களா என்று. நான் புத்தகம் படித்தவன், பதில் சொல்லாமல் நழுவிக்கொண்டிருக்கிறேன். நீ வந்தால் உன்னிடமும் கேட்பார், வாய் தவறிச் சொல்லிவிடாதே.

உன்
மாப்ள