துபாஷி மாறிய கதை

ரோஸ் ஹில், மொரீஷியஸ்

அன்புள்ள நண்பா,

நலம்தானே? உன் கடிதம் வந்த அன்று இங்கே புயல் எச்சரிக்கை. ஜன்னலையெல்லாம் அடைத்துவிட்டு உட்கார்ந்து படித்தேன். டர்பனில் உன் தமிழ் வகுப்புக்கு வரும் பார்வையற்ற பிள்ளைக்குப் பிரெய்ல் திரை (கணினியில் உள்ள எழுத்தை விரலால் தொட்டுப் படிக்கப் புள்ளிகளாக எழுப்பும் கருவி) வாங்கிக் கொடுத்தும், கணினி அதைக் கண்டுகொள்ளவே இல்லை என்று வருத்தப்பட்டிருந்தாய். அவசரப்பட்டுத் திருப்பி அனுப்பிவிடாதே. என் தங்கைக்கு நடந்ததைக் கேள்.

அவளுடையது நாற்பது கட்டம் கொண்ட பழைய கருவி. திரையில் உள்ளதைப் படித்துக் காட்டும் என்விடிஏ என்ற மென்பொருளோடு ஒழுங்காக ஓடிக்கொண்டிருந்தது. விண்டோஸோடு வரும் அதே வகை மென்பொருளான நேரேட்டரிலும் படித்துப் பார்க்கலாமே என்று ஒருநாள் அதன் பிரெய்ல் வசதியை ஏற்றினாள். அதோடு சரி, என்விடிஏ-வில் ஒரு புள்ளிகூட எழவில்லை. கடையில் கேட்டால், "மெஷின் போயிடுச்சு, புதுசு வாங்குங்க" என்றார்கள். இரண்டு நாள் அவள் யாரோடும் பேசவில்லை. அவளுக்கு அது கண் அல்லவா!

மெஷினுக்கு ஒன்றுமே ஆகவில்லை. டிரைவர் என்பது கணினிக்கும் கருவிக்கும் நடுவே நிற்கும் துபாஷி. நேரேட்டர் பிரெய்லுக்கு நம்பியிருப்பது பிஆர்எல்டிடிஒய் என்ற மென்பொருளை; 1995-இல் லினக்ஸுக்காகத் தொடங்கியது. அது வந்ததும் கருவி செய்தவர்களின் யூஎஸ்பி டிரைவரை விலக்கிவிட்டுத் தன்னுடையதை வைத்துக்கொண்டது. துபாஷி மாறியதால் என்விடிஏ சொன்னது கருவிக்கு எட்டவில்லை. டிவைஸ் மேனேஜரைத் திறந்து, கருவியின் பெயரில் 'அப்டேட் டிரைவர்' போய், பட்டியலில் இருந்த பழைய டிரைவரையே திரும்ப எடுத்தோம். சடசடவென்று ஊசிகள் எழும் சத்தம் கேட்டது. அவள் விரலை வைத்து முதல் வரியைப் படித்து முடிக்கும்வரை நான் மூச்சுவிடவில்லை.

உங்கள் கருவி புதிது என்றால் எச்ஐடி பிரெய்ல் உண்டா என்று விசாரி. 2018-இல் வந்த பொதுத்தரம் அது. கீபோர்டைப் போலச் செருகினால் போதும், தனி டிரைவர் வேண்டாம். என்விடிஏ மட்டும் 2021.3 அல்லது அதற்குப் பிந்தியதாக இருக்கட்டும்.

இன்னொன்று, இதைத்தான் பலர் கோட்டைவிடுகிறார்கள். டிரைவர் சரியானாலும் தமிழ் தானாக வராது. எழுத்தைப் புள்ளியாக்குவது லிப்லூயி என்ற தொகுப்பின் அட்டவணை. தங்கை பிரெஞ்சு அட்டவணையில் வைத்திருந்தாள். 'அ' வர வேண்டிய இடத்தில் சுழியம், பி, எட்டு, ஐந்து என்று அந்த எழுத்தின் கணினிக் குறியீட்டு எண் ஓடியது. என்விடிஏ அமைப்பில் தமிழைத் தேர்ந்தெடுத்ததும் 'அம்மா' வந்தது: முதலில் ஒற்றைப் புள்ளி, அதுதான் அ. அப்புறம் மெய்க்கான அடையாளமாக 4-ஆம் புள்ளி, அதன் பின்னால் ம. நாம் 'ம்' எழுதினால் புள்ளியைக் கடைசியில் வைக்கிறோம். பிரெய்லில் அது முந்திக்கொள்கிறது!

குரலில் கேட்டால் போதாதா என்று உன் நிர்வாகக் குழுவில் யாரோ கேட்டாராமே. போதாது. காவடி அழைப்பிதழை நான் தட்டச்சு செய்து தங்கைக்கு அனுப்பினேன். கணினிக் குரல் வாசித்தபோது அவளுக்கு ஒன்றும் தோன்றவில்லை. விரலால் படித்தவள் உடனே கூப்பிட்டு, "அண்ணா, வாழ்த்துக்கு வாள் எடுத்திருக்கிறாய்" என்றாள். ழகரத்தை அந்தப் பிள்ளையும் தொட்டுப் படிக்கட்டும்.

கருவியின் பெயர், மாடல், கணினியில் என்ன விண்டோஸ் என்று எழுதி அனுப்பு. ஞாயிறு மாலை தங்கையே உன்னைக் கூப்பிடுவாள். பிள்ளையையும் பக்கத்தில் உட்கார வை. அவர்கள் இருவரும் பேசிக்கொள்ளட்டும்.

அன்புடன்,
உன் பழைய பெஞ்சுத் தோழன்