தௌங்கூவில் பிறந்தவர்: நம் கோயில், சங்கப் பெரியவர்களுக்கு ஒரு திறந்த மடல்

ரங்கூனிலும் வெளியூர்களிலும் இருக்கும் தமிழ்க் கோயில் நிர்வாகக் குழுப் பெரியவர்களுக்கும், ஞாயிற்றுக்கிழமை தமிழ் வகுப்பு எடுக்கும் ஐயாமார், அக்காமார்களுக்கும் வணக்கம்.

போன பொங்கல் விழாவில் மேடைக்குப் பின்னால் ஒரு ஃபிளெக்ஸ் பேனர் கட்டியிருந்தோம். நடுவில் திருவள்ளுவர், ஒரு பக்கம் செஸ் வீரர் குகேஷ், மறுபக்கம் இன்னொரு செஸ் வீரர் பிரக்ஞானந்தா. எனக்கும் பெருமைதான். 2024 டிசம்பர் 12ஆம் தேதி சிங்கப்பூரில் உலகச் செஸ் சாம்பியன் போட்டியின் 14ஆவது ஆட்டம் நடந்தபோது இங்கே கரண்ட் இல்லை. போனில் ஒன்பது சதவீதம் சார்ஜ் வைத்துக்கொண்டு பார்த்தேன். அன்றைய சாம்பியன் டிங் லிரென் தன் யானையைத் தவறான கட்டத்துக்கு நகர்த்தியதும், பதினெட்டு வயதுப் பையன் குகேஷ் எழுந்து நடந்ததும், அப்புறம் அழுததும் இன்னும் கண்ணிலேயே நிற்கிறது.

ஆனால் அந்தப் பேனரில் ஒருவர் விட்டுப்போனார். விழாவுக்கு வந்திருந்த பெரியவர்களிடம் கேட்டுப் பார்த்தேன், ஒருவருக்கும் அவர் பெயர் தெரியவில்லை. அவர் இந்த மண்ணில் பிறந்தவர். ரங்கூனிலிருந்து மண்டலே ரயிலில் ஏறினால் வழியில் வரும் தௌங்கூவில், 1935 டிசம்பர் 30 அன்று. பெயர் மானுவேல் ஆரோன். செஸ்ஸில் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர், அதாவது கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழே உள்ள பட்டம்.

வளர்ந்தது தமிழ்நாட்டில். 1959இலிருந்து 1981க்குள் ஒன்பது முறை இந்தியச் சாம்பியன். 1961இல் ஆஸ்திரேலியாவின் சிசில் பர்டியை வென்று மாஸ்டர் பட்டம் வாங்கினார். அர்ஜுனா விருதும் அவருக்குக் கிடைத்தது. செஸ் ஆட்டக்காரர் ஒருவருக்கு அந்த விருது கிடைத்தது அதுவே முதல் தடவை. இதெல்லாம் தேடினால் யாருக்கும் கிடைக்கும். எனக்குப் பிடித்தது வேறு ஒரு சங்கதி. மாக்ஸ் யூவே என்ற டச்சுக்காரர் அன்றைய சாம்பியன் அலெகினைத் தோற்கடித்து உலகச் சாம்பியன் ஆனது 1935 டிசம்பர் 15. அதற்குப் பதினைந்தாவது நாள் தௌங்கூவில் ஒரு குழந்தை பிறக்கிறது. 1960இல் லைப்சிக் செஸ் ஒலிம்பியாடில் அந்தக் குழந்தை அதே யூவேயைத் தோற்கடிக்கிறது! கதையாக எழுதியிருந்தால் நம்ப மாட்டோம்.

1962இல் உலகச் சாம்பியன் பட்டத்துக்கான தகுதிச் சுற்றான ஸ்டாக்ஹோம் இன்டர்ஸோனல் போட்டிக்குப் போனார். கடைசி இடம். ஆமாம், கடைசிதான், மறைக்க ஒன்றுமில்லை. ஆனால் அதே போட்டியில் ஹங்கேரியின் போர்டிஷ், கிழக்கு ஜெர்மனியின் ஊல்மன் இரண்டு பேரையும் வென்றார். இரண்டு பேரும் அந்தக் காலத்துப் பெரிய தலைகள். சோவியத்காரர்களுக்குக் கூடவே பயிற்சியாளர் இருந்தார், ஊர் ஊராகப் போட்டி இருந்தது. இவருக்கு ஊரில் சரிக்குச் சரி உட்கார்ந்து ஆட ஆள் கிடைப்பதே கஷ்டம். இப்படி ஒருவர் கடைசி இடத்துக்கு வந்தார் என்றால் அதை நான் தோல்விக் கணக்கில் எழுத மாட்டேன்.

சரி, இதை ஏன் உங்களிடம் சொல்கிறேன்?

ஆரோன் பத்து வருடம் கழித்து ஒரு காரியம் செய்தார். 1972இல் சென்னையில் சோவியத் கலாசார மையத்தில் ஒரு செஸ் கிளப் தொடங்கினார்கள். சோவியத்தின் முன்னாள் உலகச் சாம்பியன் மிகயீல் தாலின் பெயரை வைத்த தால் கிளப். அதற்கு முன்னால் நின்றவர் ஆரோன். பலகை, காய்கள், ரஷ்யப் புத்தகங்கள், கூடவே தோற்கத் தயங்காத சில பெரியவர்கள். அந்த அறைக்குத்தான் சின்னப் பையன் விஸ்வநாதன் ஆனந்த் வந்து சேர்ந்தார். ஆரோன் மாஸ்டரானது 1961, ஆனந்த் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டரானது 1988. நடுவில் 27 வருடம். அந்த 27 வருடத்தை நிரப்பியதில் அந்த அறைக்கும் பங்கு உண்டு. ஒன்பது சாம்பியன் பட்டத்தையும் ஒரு தட்டில் வைத்து, இந்த அறையை மறு தட்டில் வைத்தால் அறைதான் கனக்கும் என்பது என் எண்ணம்.

ஆனந்தின் கதையில் நமக்கு நெருக்கமான இன்னொரு இடம் இருக்கிறது. ஆறு வயதில் ஆட்டம் சொல்லிக் கொடுத்தது அம்மா சுசீலா. 1978 வாக்கில் அப்பாவுக்கு மணிலாவில் வேலை. அங்கே டிவியில் மத்தியானம் ஒரு செஸ் நிகழ்ச்சி, ஒரு புதிரும் போடுவார்கள். பையன் பள்ளியில் இருக்கும் நேரம் என்பதால் அம்மா எல்லாவற்றையும் எழுதி வைப்பார். சாயங்காலம் இருவரும் உட்கார்ந்து புதிரை அவிழ்த்து அனுப்புவார்கள். பரிசு ஒரு புத்தகம். பையன் வாரா வாரம் ஜெயிக்க, கடைசியில் 'வேண்டிய புத்தகங்களை அள்ளிக்கொண்டு போ, இனிமேல் பதில் மட்டும் அனுப்பாதே' என்று சொல்லிவிட்டார்களாம். ஆசியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் எவ்ஹெனியோ டோரேயின் நாடு அது. அந்த ஊரின் செஸ் பைத்தியம் வந்தேறிக் குடும்பத்துத் தமிழ்ப் பையனுக்கும் ஒட்டிக்கொண்டது.

நம் பிள்ளைகளைச் சுற்றியும் அப்படி ஒன்று இல்லாமலா இருக்கிறது? பர்மாக்காரர்களின் சிட்டுயின் என்ற பலகை ஆட்டம் நம் சதுரங்கத்துக்கு ஒன்றுவிட்ட அண்ணன். மியன்மாரின் ஸோ வின் லே 2000இலேயே கிராண்ட்மாஸ்டர் ஆகிவிட்டார்.

எங்கள் தெரு முனை டீக்கடையில் போன மாதம் பார்த்தது இது. ஒட்டுப்பலகையில் பால்பாயிண்ட் பேனாவால் சிட்டுயின் கட்டம் போட்டு, குறைந்த காய்களுக்குப் பதில் சோடா மூடி. ஒரு பக்கம் எழுபது வயது பர்மியப் பெரியவர், எதிரே முக்காலியில் நம் வீட்டுப் பையன் ஒருவன், பத்து வயது இருக்கும். மூலையில் இருக்கும் காயைத் தொட்டு "இது யானை, ஊலே. நேரா போகும்" என்கிறான். அவர் விடவில்லை. "அது யத்தா, தேர். யானைன்னா சின், இந்தா உள்ளே இருக்கு பார். குறுக்கே நாலு பக்கம் ஒரு கட்டம், நேரே முன்னால ஒரு கட்டம். அஞ்சு." எதற்கு ஐந்து என்று பையன் கேட்டான். பெரியவர் டீ கிளாஸைக் கீழே வைத்துவிட்டு, நாலு விரலை மேசையில் ஊன்றிக் கால் என்று காட்டினார். அப்புறம் கையைத் தூக்கித் தும்பிக்கை மாதிரி அவன் மூக்கு வரை நீட்டினார். பையன் சிரித்த சிரிப்பில் சோடா மூடி இரண்டு உருண்டு போயிற்று. அதற்குள் தெருவே "மீ லா பீ!" என்று கத்த, கரண்ட் வந்த சந்தோஷத்தில் பையன் போனைச் சார்ஜ் போட ஓடிவிட்டான். ஆட்டம் பாதியில் நின்றது.

பாதியில் நிற்காமல் இருக்க ஓர் இடம் வேண்டும். கேட்பது அவ்வளவுதான்.

மூன்று வருடத்துக்கு முன்னால் ஒரு நிர்வாகக் குழுவிடம் இதையே கேட்டேன். எந்த ஊர், எந்தக் கோயில் என்பது வேண்டாம். "சீட்டாட்டம் மாதிரி இதுவும் சூதுதானே, சாமி இருக்கிற இடத்துல எதுக்கு?" என்று ஒருவர் கேட்டார். இன்னொருவர் "மேசை நாற்காலி தேயும்" என்றார். பந்தயமே கட்டாத ஆட்டத்தில் சூது எங்கே வருகிறது என்று எனக்கு இன்றுவரை புரியவில்லை. நாற்காலி தேயும் என்பது மட்டும் உண்மை.

மண்டபத்தைப் பிள்ளைகளுக்குத் திறந்துவிடுவது நமக்குப் புதிதா? 1960களில் பள்ளிக்கூடங்களை அரசு எடுத்துக்கொண்டபோது, பாதி ஜனம் கப்பலேறிய பிறகும், அ ஆவன்னா தங்கியது கோயில் மண்டபங்களில்தான். நான் 'அம்மா' என்று எழுதிப் பழகியது மடப்பள்ளிக்குப் பக்கத்துத் திண்ணையில்.

ஞாயிறு தமிழ் வகுப்பு முடிந்ததும் இரண்டு மணி நேரம் பின் மண்டபத்தை விடுங்கள். எட்டுப் பலகை போதும், ஐந்து என்னிடம் இருக்கிறது. கடிகாரத்துக்குப் பழைய போன்கள் ஆகும். பெண் பிள்ளைகளை முதலில் உட்கார வையுங்கள். டிவி பார்ப்பதைக் குறைக்க வைஷாலியைச் செஸ்ஸில் சேர்த்துவிட்டார்கள், அக்காவைப் பார்த்துத்தான் தம்பி பிரக்ஞானந்தா காயைத் தொட்டான். இன்று இருவரும் கிராண்ட்மாஸ்டர்கள். அக்கா தம்பி இருவரும் அந்தப் பட்டம் வாங்கியது உலகத்திலேயே அவர்கள் வீட்டில்தான் முதலில். அப்பா வங்கி ஊழியர். வெளிநாட்டுப் போட்டிக்குப் பையன் போனால் அம்மா நாகலட்சுமி குக்கரும் மசாலாப் பொடியும் கட்டிக்கொண்டு கூடப் போவார். நம் வீட்டு அம்மாக்களிடம் இல்லாத சாமர்த்தியமா இது?

யாரையும் கிராண்ட்மாஸ்டர் ஆக்கிக் காட்டுகிறேன் என்று வாக்குக் கொடுக்க மாட்டேன். அதற்கு 2500 ரேட்டிங் வேண்டும், மூன்று நார்ம் (பெரிய போட்டிகளில் எட்ட வேண்டிய தரம்) வேண்டும், விமானச் செலவுக்குப் பணம் வேண்டும். நாட்டு நிலைமை உங்களுக்குத் தெரியும். வளர்ந்த பையன்கள் பாதிப் பேர் வெளிநாட்டில். நான் கேட்பது இங்கே மிச்சம் இருக்கும் பத்து, பன்னிரண்டு வயதுகளுக்கு.

தௌங்கூ சங்கத்துப் பெரியவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. உங்கள் ஊரில் முதல் பலகையை விரித்தால் எனக்குச் சொல்லி அனுப்புங்கள், ரயிலோ பஸ்ஸோ பிடித்து வந்துவிடுகிறேன். அடுத்த பொங்கல் பேனருக்கு ஆரோன் படம் நானே பிரிண்ட் போட்டுத் தருகிறேன், செலவும் என்னுடையது.

ரங்கூன் குழுவினரே, பின் மண்டபச் சாவி யாரிடம் இருக்கிறது என்று மட்டும் சொல்லுங்கள். வரும் ஞாயிறு இரண்டு மணிக்கு ஐந்து பலகையோடு வாசலில் நிற்பேன்.

அன்புடன்,
பழைய தமிழ் வகுப்பு மாணவன் ஒருவன்
ரங்கூன்