பொருள்: ஊட்டி குளிருக்கு 3 லிட்டர் கீசர தள்ளிவிட்டது பத்தி

கஸ்டமர் கேர் மேனேஜர் சாருக்கு,

வணக்கம் சார். உங்க ஊட்டி ஷோரூம்ல வாங்குன 3 லிட்டர் 3000 வாட் இன்ஸ்டன்ட் கீசர் பத்தி எழுதுறேன், பில் காப்பி இதோட இருக்கு. வாங்கறப்பவே தெளிவா சொன்னேன், வீட்டுல 4 பேரு, அம்மாவுக்கு வயசாயிடுச்சு, காலைல ஸ்கூல் ஆபீஸ்னு எல்லாரும் வரிசையா குளிக்கணும்னு. சேல்ஸ்ல இருந்த தம்பி டேபிள் கண்ணாடிக்கு அடியில இருந்த சார்ட்ட பாத்துட்டு, 4 பேருக்கு இது தாராளம் சார், 25 லிட்டர் எடுத்தா கரண்ட் பில் எகிறிடும்னு அடிச்சு சொன்னாரு.

இப்ப என்னடான்னா மொத ரெண்டு மக்கு கொதிக்க கொதிக்க வருது, உள்ள சேந்திருக்கறது அவ்ளோதான், அதுக்கப்புறம் பச்சத்தண்ணி. அம்மா தலைக்கு சீயக்காய் தேச்சுட்டு பாதில நடுங்கிட்டு நிக்கறாங்க, நான் அடுப்புல வெந்நி வச்சு தூக்கிட்டு ஓடறேன். அப்புறம் கீசர் எதுக்கு சார்?

சர்வீஸ் ஆளு வந்து காயில் ஓகே, தெர்மோஸ்டாட் ஓகே, மெஷின்ல ஃபால்ட் இல்ல, மாட்டுன பொருளுக்கு ரிட்டர்ன் கிடையாதுன்னுட்டு போயிட்டாரு. ஃபால்ட்டுன்னு நான் எங்க சொன்னேன்? இந்த ஊருக்கு அந்த சைஸ் பத்தாதுன்னு தான சொல்றேன்.

3 கிலோவாட் ஹீட்டர் நிமிஷத்துக்கு 4 லிட்டர் ஓடுனா தண்ணிய 10, 11 டிகிரி தான் ஏத்தும். சென்னைல டேங்க் தண்ணியே 27, 28 டிகிரி இருக்கும், அங்க அது போதும். இங்க காலைல தெர்மாமீட்டர் வச்சு பாத்தேன், 12 டிகிரி, அதுல 10 கூடுனா 22, யாரு குளிப்பா? 40 டிகிரி வேணும்னா குழாய நிமிஷத்துக்கு ஒன்றரை லிட்டர் வர்ற மாதிரி சன்னமா வைக்கணும், 18 லிட்டர் பக்கெட் ரொம்ப 12 நிமிஷம் ஆகும், ஷவர மறந்துடலாம். இதுவே 25 லிட்டர் டேங்க்ல 60 டிகிரி வச்சா பச்சத்தண்ணி கலந்து 40 லிட்டருக்கு மேல குளிக்கற பதத்துல கிடைக்கும், 2 கிலோவாட்டா இருந்தாலும் முக்கா மணி நேரத்துல மறுபடி ரெடி. அந்த கரண்ட் கதையும் அரைகுறை தான், அதே தண்ணிய அதே சூட்டுக்கு கொண்டு வர எந்த கீசரும் கிட்டத்தட்ட அதே யூனிட் தான் இழுக்கும், டேங்க்ல சும்மா ஆறிப்போறது மட்டும் எக்ஸ்ட்ரா, அதுக்குத்தான ஸ்டார் லேபிளே ஒட்டறீங்க. சமவெளிக்கு போட்ட சார்ட்ட மலைமேல கொண்டாந்து வச்சா இப்படித்தான் ஆகும்.

இத எடுத்துட்டு 25 லிட்டர் குடுங்க, விலை வித்தியாசத்த நான் கட்டறேன், ஆனா கழட்டி மாட்டற கூலி உங்களோடது, அந்த சார்ட்டையும் தூக்கிடுங்க. ஒரு வாரத்துல பதில் வரலன்னா 1915 நுகர்வோர் ஹெல்ப்லைன்ல புகார் போட்டுடுவேன். ஆள் அனுப்பறதா இருந்தா காலைல 6 மணிக்கு அனுப்புங்க, மத்தியான வெயில்ல வந்து கைய வச்சு பாத்துட்டு சூடா தான சார் இருக்குன்னு சொல்லிட்டு போறதெல்லாம் வேணாம்.

இப்படிக்கு,
உங்க கஸ்டமர், ஊட்டி